காலம் படிக்கும் கல்விச்சாலையில் யார் விழித்திருப்பார்கள்?

நீங்கள் கேட்டது இது: காலத்தையே பாடமாகக் கற்றுத்தரும் ஒரு மாயக் கல்விச்சாலையை வைத்து நாவல் எழுதத் தொடங்கியிருக்கிறீர்கள். மந்திரப் பள்ளி என்றதும் கோட்டை, கோல், அங்கி என்று ஏற்கெனவே பார்த்த காட்சிகளே வந்து நிற்கின்றன. காலம் என்றதும் காலப்பயணத்தைத் தவிர வேறொன்றும் தோன்றவில்லை. அங்கே என்னதான் படிப்பார்கள், மந்திரத்துக்கு என்ன விலை, எங்கே பிசகும் என்று கேட்டிருந்தீர்கள்.

முதல் வேலையாகக் காலப்பயணத்தை எடுத்து ஓரமாக வைத்துவிடுங்கள். நேற்றைக்குத் திரும்பிப் போகத் தெரிந்த மாணவனுக்குத் தேர்வு எதற்கு, ஆசிரியர் எதற்கு? தப்பு செய்தால் திருத்திக்கொள்ளலாம் என்று ஆன பிறகு அந்தப் பள்ளியில் யாருக்கும் எதுவும் போவதில்லை. எதுவும் போகாத இடத்தில் கதை நிற்காது.

இன்னொரு வழி இருக்கிறது. காலத்தைப் படிக்கவென்றே கட்டிய இடங்கள் உலகத்தில் நிஜமாகவே இருந்தன, இன்றும் இருக்கின்றன. பல ஆண்டுகளாக அவற்றைத் தேடித்தேடிப் படித்துவருகிறேன். கடைசியில் எனக்குக் கிடைத்தது ஒரே விஷயம்தான்: காலத்தை யாரும் பார்த்ததில்லை; யாரோ ஒருவர் தூங்காமல் எண்ணிக்கொண்டிருந்தார், எண்ணியதைப் பொய் சொல்லாமல் சொன்னார், அதனால் மற்றவர்களுக்கு நேரம் தெரிந்தது. உங்கள் மந்திரத்தின் வேர் இங்கே இருக்கட்டும் என்பேன். விழிப்பு ஒன்று, வாய்மை ஒன்று. இரண்டில் ஒன்று தவறினாலும் காலம் குலையும்.

கட்டடத்துக்கும் தலைமை ஆசிரியருக்கும் மாதிரி வேண்டுமென்றால் இன்றைய உஸ்பெகிஸ்தானிலுள்ள சமர்கந்துக்குப் போங்கள். அந்த ஊரை ஆண்டவர், தைமூரின் பேரன் உலூக் பெக். தாத்தா நாடுகளை எரித்தவர். பேரனுக்கோ வானத்தின் மேல் பித்து. 1417க்கும் 1420க்கும் இடையில் சமர்கந்தின் நடுச் சதுக்கத்தில் ஒரு மதரஸா கட்டினார். சமயக் கல்வியோடு கணிதமும் வானியலும் அங்கே நடந்தன. அப்புறம் 1420களில் நகருக்கு வெளியே ஒரு குன்றின் மேல் வட்ட வடிவில் மூன்று மாடி வானாய்வகம். அதன் நடுவே ஏறத்தாழ 40 மீட்டர் ஆரமுள்ள ஒரு மாபெரும் வில். அதன் கீழ்ப்பகுதியைப் பாறைக்குள் பள்ளம் தோண்டி இறக்கியிருந்தார்கள். உச்சியில் ஒரு துளை. நடுப்பகலில் அதன் வழியே இறங்கும் வெயில், வில்லின் மேல் ஒரு வெளிச்சப் பொட்டாக விழும். அந்தப் பொட்டு எந்தக் கோட்டில் விழுந்தது என்று குறிப்பார்கள். அவ்வளவுதான் கருவி. ஆனால் அளவைப் பாருங்கள்: அந்த வில்லில் ஒரு பாகையின் நீளம் சுமார் 70 சென்டிமீட்டர். சாதாரணக் கருவியில் மயிரிழையாக இருக்கும் வித்தியாசம் இங்கே விரல் அகலத்துக்கு விரிந்துவிடும்.

இப்படி ஆண்டுக்கணக்கில் குறித்து அவர்கள் எட்டிய விண்மீன் ஆண்டின் (விண்மீன்களிடையே சூரியன் ஒரு சுற்று முடித்து அதே இடத்துக்கு வர ஆகும் காலத்தின்) நீளம் 365 நாள், 6 மணி, 10 நிமிடம், 8 விநாடி. இன்றைய கணக்குக்கும் அதற்கும் ஒரு நிமிடம்கூட வித்தியாசம் இல்லை, 58 விநாடிதான். தொலைநோக்கி பிறப்பதற்கு ஏறத்தாழ இருநூறு ஆண்டுக்கு முன்னால் செய்த வேலை இது. ஆயிரத்துக்கும் மேற்பட்ட விண்மீன்களின் இடங்களையும் பட்டியலிட்டார்கள்.

ஆனால் உங்கள் நாவலுக்கு இந்த எண்களைவிட முக்கியமான ஒன்றை அங்கே வேலை பார்த்த ஒருவர் எழுதி வைத்திருக்கிறார். அல்-காஷி என்ற கணித மேதை ஊரில் இருக்கும் தன் தந்தைக்குக் கடிதம் எழுதுகிறார். சுல்தான் முன்னால் நடக்கும் பாட விவாதத்தைப் பற்றிச் சொல்கிறார். புரியாததைப் புரிந்ததாக யாரும் தலையாட்டக் கூடாது என்பது அங்கே விதி. அரசர் சொல்கிறாரே என்று ஒருவர் ஒப்புக்கொண்டால், ‘என்னை முட்டாள் ஆக்குகிறாயா’ என்ற பொருளில் உலூக் பெக் கடிந்துகொள்வாராம். சில சமயம் வேண்டுமென்றே தப்பான ஒன்றை முன்வைப்பாராம். மரியாதைக்காக யாராவது அதை ஏற்றுக்கொண்டால், மறுபடி அந்தப் பேச்சை எடுத்து அவரை வெட்கப்பட வைப்பாராம். இந்த இடத்தை முதல்முறை படித்தபோது புத்தகத்தை மூடி வைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தேன். தைமூரின் வம்சத்து அரசன் ஒருவன், தன்னை மறுத்துப் பேசு என்று மாணவர்களைப் பழக்குகிறான். உங்கள் தலைமை ஆசிரியர் இப்படி இருக்கட்டும். வெண்தாடி வைத்த, எல்லாம் தெரிந்த கிழவரைவிட இவர் ஆயிரம் மடங்கு பயமும் பாசமும் தருவார்.

முடிவும் கதைக்கு ஏற்றதுதான். 1449இல் சொந்த மகனின் ஆணைப்படி உலூக் பெக் கொல்லப்பட்டார். வானாய்வகம் அழிந்தது, காலப்போக்கில் அது நின்ற இடமே மறந்துபோனது. 1908இல் வியாத்கின் என்ற ரஷ்யத் தொல்லியலாளர் மண்ணைத் தோண்டியபோது, பாறைக்குள் இறங்கிய அந்த வில்லின் கீழ்ப்பகுதி மட்டும் அப்படியே கிடைத்தது. இன்றும் பார்க்கலாம். மேலே கட்டியதெல்லாம் போய், கீழே தோண்டியது மட்டும் மிஞ்சியது. விண்மீன் அட்டவணைகளோ அதற்கு முன்பே பிழைத்துவிட்டன. உலூக் பெக்கின் சீடர் அலி குஷ்ஜி அவற்றோடு வெளியேறி, ஊர் ஊராகப் போய், கடைசியில் இஸ்தான்புல் சேர்ந்தார். முந்நூறு ஆண்டு கழித்து ஜெய்ப்பூரின் இரண்டாம் ஜெய்சிங் மகாராஜா கல்லால் வானாய்வகங்கள் கட்டியபோது, அவர் கையில் இருந்ததும் அந்தச் சமர்கந்து மரபுதான்.

ஜெய்ப்பூரை ஒரு முறையாவது போய்ப் பாருங்கள். அங்குள்ள சாம்ராட் யந்திரம் 27 மீட்டர் உயரச் சூரியக் கடிகாரம். அதன் நிழல் விநாடிக்கு ஏறத்தாழ ஒரு மில்லிமீட்டர் நகரும். நான் பளிங்கு வளைவின் ஓரம் குனிந்து, நிழலின் விளிம்பில் ஒரு புல் தண்டை வைத்துப் பார்த்தேன். மூச்சு இழுத்து விடுவதற்குள் நிழல் அதைத் தாண்டிவிட்டது. காலம் நகர்வதைக் கண்ணால் பார்ப்பது என்றால் அதுதான். இன்னொன்றும் தெரிந்தது: அந்த நிழலுக்குக் கூர்மையான விளிம்பே கிடையாது. சூரியன் புள்ளி அல்ல, தட்டு. அதனால் நிழல் முடியும் இடம் சில சென்டிமீட்டர் அகலத்துக்கு மங்கிக் கரைகிறது. கட்டடத்தை எவ்வளவு பெரிதாகக் கட்டினாலும் மங்கலும் சேர்ந்து பெரிதாகும். இருட்டு எங்கே முடிகிறது, வெளிச்சம் எங்கே தொடங்குகிறது என்று அந்த மங்கலுக்குள் ஒருவர் தீர்மானிக்க வேண்டும். உங்கள் மூன்றாம் ஆண்டு மாணவர்களுக்கு இதைப் பாடமாக வையுங்கள். நாழிகைக்கும் நாழிகைக்கும் நடுவில் யாருக்கும் சொந்தமில்லாத அந்த மங்கலுக்குள் கை விடப் பழகுபவர்கள் அவர்கள்.

முதலாண்டு மாணவர்களுக்கு அதெல்லாம் வேண்டாம். அவர்களுக்கு ஒரு கிண்ணம் போதும்.

இந்தியாவில் நெடுங்காலம் நேரம் அளந்தது ஒரு செம்புக் கிண்ணம். அடியில் நுண்ணிய துளை. தண்ணீர்த் தொட்டியில் மிதக்கவிட்டால் துளை வழியே நீர் ஏறி, ஒரு நாழிகையில், அதாவது 24 நிமிடத்தில், கிண்ணம் மூழ்கும். காவலிருப்பவர் சேகண்டியைத் தட்டிவிட்டு, கிண்ணத்தை எடுத்துக் கொட்டி மறுபடி மிதக்கவிட வேண்டும். ஒரு நாளைக்கு அறுபது முறை.

வீட்டில் ஒன்று செய்து பார்த்தேன். சின்னச் செம்புக் கிண்ணத்தின் அடியில் துளை போட்டு வாளியில் விட்டால் ஒன்பது நிமிடத்தில் மூழ்கிவிட்டது. ஈயம் வைத்து அடைத்து, ஊசியால் மறுபடி குத்தினேன். மூன்றாவது தடவை 24 நிமிடத்துக்குக் கிட்டே வந்தது. முதலில் எதுவுமே நடக்காதது போல் இருக்கும். அடியில் ஒரு நீர்ப்புள்ளி, அப்புறம் நாணய அளவு, அப்புறம் அதன் நடுவில் நூல் மாதிரி மேலே எழும் ஊற்று. கடைசி ஒரு நிமிடத்தில் கிண்ணம் லேசாகத் தலையாட்டும். விளிம்பு நீர்மட்டத்தோடு சமமாகும்போது நீர் உள்ளே வழியாமல் ஒரு கணம் வளைந்து நிற்கும். அதற்கப்புறம் ‘க்ளுக்’ என்று ஒரு சத்தம், கிண்ணம் அடியில் போய் உட்கார்ந்துவிடும். வெதுவெதுப்பான நீரில் சீக்கிரம் மூழ்குகிறது, குளிர்ந்த நீரில் தாமதமாகிறது. துளையில் ஒரு தூசி அடைத்தால் நாழிகையே நீண்டுவிடும். ஆகவே நீரை வடிகட்டுவது, கிண்ணத்தின் உட்புறத்தைப் புளி போட்டுத் துலக்குவது, பனிக்காலத்தில் நீரின் குளிர்ச்சியைக் கவனிப்பது எல்லாம் காலம் படிப்பதில் சேர்ந்ததுதான். மந்திரம் சொல்லும் காட்சிக்கு முன்னால் புளி போட்டுத் துலக்கும் காட்சி ஒன்று வையுங்கள். வாசகர் உங்கள் பள்ளியை நம்பிவிடுவார்.

சங்க காலத்து முல்லைப்பாட்டில் ஒரு பாசறை வருகிறது. இரவில் அரசன் இருக்கும் இடத்துக்கு நாழிகைக் கணக்கர் வந்து, தொழுது, வாழ்த்தி, உன் குறுநீர்க் கன்னல் (நேரம் அளக்கும் நீர்க் கருவி) இப்போது இவ்வளவு காட்டுகிறது என்று அறிவிக்கிறார்கள். அவர்களைப் புலவர் சொல்லும் பெயர் ‘பொழுதளந்து அறியும் பொய்யா மாக்கள்’. பொழுதை அளப்பவர்கள், பொய் சொல்லாதவர்கள். எத்தனையோ வேலைக்காரர்கள் நடமாடும் பாசறையில் இவர்களுக்குத்தான் அந்த அடைமொழி. ஏன் என்று யோசித்துப் பாருங்கள். வாள் துருப்பிடித்திருந்தால் கண்ணுக்குத் தெரியும். நாழிகைக் கணக்கன் கண்ணயர்ந்துவிட்டு ஒரு நாழிகையை விட்டுச் சொன்னால் எவருக்கும் தெரியாது. அந்த இருட்டில் அவன் சொல்தான் நேரம். உங்கள் கல்விச்சாலையில் படிப்பு முடித்தவர்களுக்குப் பட்டம் தேடுகிறீர்கள் என்றால் இதைவிட நல்ல சொல் எனக்குத் தெரியவில்லை.

பாபர் இந்துஸ்தானத்துக்கு வந்தபோது இந்தக் கிண்ணமும் சேகண்டியும் அவர் கண்ணில் பட்டிருக்கின்றன. நினைவுக் குறிப்புகளில் விவரமாக எழுதியிருக்கிறார். அவருக்கு ஒரு குறை. நடுராத்திரி விழிப்பு வந்து மூன்று நான்கு அடி கேட்டால், அது எந்தச் சாமத்தின் நாழிகை என்று தெரிவதில்லை. ஆகவே இரவிலும் மேகமூட்ட நாளிலும் நாழிகை அடித்த பிறகு சாமத்தின் அடையாளத்தையும் அடிக்கச் சொன்னார். படுக்கையில் புரண்டுகொண்டு மணி எத்தனை என்று யோசிக்கும் ஒரு பேரரசர்! இப்படிப்பட்ட சின்னச் சின்ன ஒழுங்குகளை உங்கள் பள்ளிக்கும் கண்டுபிடியுங்கள்.

சேர்க்கைத் தேர்வு எப்படி என்று தனியாகக் கேட்டிருந்தீர்கள். குகைக்குள் அனுப்புங்கள். 1962இல் மிஷேல் சிஃப்ர் என்ற 23 வயது பிரெஞ்சுக்காரர் ஆல்ப்ஸ் மலையில், உள்ளே பனிப்பாறை கிடக்கும் ஒரு நிலத்தடிக் குகைக்குள் கடிகாரம் இல்லாமல் இரண்டு மாதம் இருந்தார். பசித்தால் சாப்பாடு, தூக்கம் வந்தால் தூக்கம். மேலே இருப்பவர்களுக்குத் தொலைபேசியில் அவர் தகவல் சொல்லலாம், அவர்கள் நேரம் சொல்ல மாட்டார்கள். செப்டம்பர் 14 அன்று சோதனை முடிந்தது என்றபோது அவர் கணக்கில் தேதி ஆகஸ்ட் 20. இருபத்தைந்து நாள் அவரிடமிருந்து காணாமல் போயிருந்தது. விநாடிக்கு ஒன்றாக 120 வரை எண்ணச் சொன்னால், அவர் எண்ணி முடிக்க ஐந்து நிமிடம் ஆனது. ஆச்சரியம் என்னவென்றால் அவர் உடம்பு ஏமாறவில்லை. தூங்கி விழிக்கும் சுழற்சி கிட்டத்தட்ட 24 மணியை ஒட்டியே ஓடியது. 1729இலேயே தெ மெரான் என்ற பிரெஞ்சு அறிஞர், தொட்டாற்சிணுங்கி போல இலை மடக்கும் ஒரு செடியை வெளிச்சம் படாமல் வைத்துப் பார்த்தார். இருட்டுக்குள்ளும் பகலானால் அது இலை விரித்தது. ஆகவே தேர்வு இப்படி இருக்கலாம்: இருட்டறைக்குள் ஒரு செடியோடு மாணவனை விட்டுவிடுகிறார்கள். எத்தனை நாள் ஆயிற்று என்று வெளியே வந்ததும் சொல்ல வேண்டும். மனத்தை நம்புபவன் தோற்பான். இருட்டில் தடவிப் பார்த்து, இலை விரிந்த தடவைகளை எண்ணியவன் தேறுவான்.

மந்திரத்துக்கு விலை என்ன என்பதற்கு ஜப்பானைப் பாருங்கள். அங்கே 1873 வரை வழக்கில் இருந்தது, நீளம் மாறும் மணி. விடியலிலிருந்து அந்தி வரை ஆறு பங்கு, அந்தியிலிருந்து விடியல் வரை ஆறு பங்கு. கோடையில் பகல் மணி நீளும், இரவு மணி சுருங்கும், பனிக்காலத்தில் நேர்மாறு. ஐரோப்பியரிடமிருந்து இயந்திரக் கடிகாரம் வந்தபோது ஜப்பானியர் தங்கள் நேரத்தை அதற்கு ஏற்ப மாற்றவில்லை, கடிகாரத்தைத் தங்கள் நேரத்துக்கு ஏற்ப மாற்றிக்கொண்டார்கள். பருவம் மாற மாற எடைகளை நகர்த்தியும் முகப்பின் குறிகளைத் தள்ளியும் வைத்தார்கள். இதை அப்படியே விதியாக்கிவிடுங்கள்: உங்கள் மாணவர் ஒரு பகலை நீட்டலாம், ஆனால் நீட்டிய அளவு அன்றைய இரவிலிருந்து போகும். காதலியோடு ஒரு மாலையை நீட்டியவன், அந்த ஊரில் நோயோடு போராடும் ஒருவரின் உறக்கத்தைக் குறைத்திருக்கிறான். இரண்டாம் பாகத்துக்கு இது ஒன்றே போதும்.

கோபுரம் வைக்க ஆசைப்பட்டீர்கள். வையுங்கள், இயற்பியல் உங்கள் பக்கம் இருக்கிறது. தரையிலிருந்து உயரே போகப் போகக் கடிகாரம் வேகமாக ஓடும். 2010இல் அமெரிக்காவில் ஓர் அணுக் கடிகாரத்தை 33 சென்டிமீட்டர் உயர்த்தியே இதைக் காட்டினார்கள். முப்பது மீட்டர் கோபுரத்தின் உச்சியில் தங்கும் மாணவி, கீழ்த்தளத்தில் தங்குபவளைவிட ஆண்டுக்கு ஒரு விநாடியில் கோடியில் ஒரு பங்கு அதிகம் மூப்படைவாள். மந்திரம் செய்வதெல்லாம் அந்தக் கோடியில் ஒரு பங்கைக் கொஞ்சம் கூட்டுவதுதான் என்று எழுதினால் யாரும் மறுக்க முடியாது.

கடந்த காலத் துறைக்கு எனக்குப் பிடித்தது மரம். மரத்தின் ஆண்டு வளையம் எல்லாருக்கும் தெரியும். ஆனால் வளையங்களுக்குள் சில ஆண்டுகள் கையொப்பம் போட்டிருக்கின்றன. கி.பி. 775ஐ ஒட்டியும் 993ஐ ஒட்டியும் விண்வெளியிலிருந்து வந்த கதிர்வீச்சு திடீரென்று கூடியது. அந்த ஆண்டு வளையத்தில் கதிரியக்கக் கார்பன் எகிறியிருக்கும். முதலாவதை ஜப்பானிய ஆய்வாளர் ஃபுசா மியாகேவும் குழுவினரும் 2012இல் கண்டுபிடித்தார்கள். கனடாவின் நியூஃபவுண்ட்லாந்தில் வைக்கிங்குகள் வாழ்ந்த இடத்தில் இரும்புக் கருவியால் வெட்டிய மரத்துண்டுகள் கிடைத்தன. 993இன் வளையத்தை அவற்றில் கண்டுபிடித்து, அங்கிருந்து பட்டை வரை எண்ணினார்கள். இருபத்தெட்டு. மரம் வெட்டப்பட்டது 1021இல். ஆயிரம் ஆண்டுக்கு முன்னால் ஒருவர் கோடரியை ஓங்கிய ஆண்டை, வேறு எந்த ஆவணமும் இல்லாமல், மரமே சொல்லிவிட்டது. இதைவிடப் பெரிய ஆருடம் எந்த மந்திரவாதியும் சொன்னதில்லை. உங்கள் பள்ளி நூலகத்தில் ஏட்டுச்சுவடிகளுக்குப் பதிலாக மரக்கட்டைகள் அடுக்கியிருக்கட்டும்.

காத்திருப்புக்கென்று ஒரு துறை வையுங்கள். இதைக் கொஞ்சம் வற்புறுத்தியே சொல்கிறேன், ஏனென்றால் மாயக் கதைகளில் எல்லாம் சட்டென்று நடந்துவிடுகிறது. ஆஸ்திரேலியாவின் குயின்ஸ்லாந்து பல்கலைக்கழகத்தில் 1927இல் தாமஸ் பார்னெல் என்ற பேராசிரியர், தார் போன்ற கெட்டிப் பொருளைச் சூடாக்கி ஒரு கண்ணாடிப் புனலில் ஊற்றினார். சுத்தியலால் அடித்தால் கண்ணாடிபோல் சிதறும் பொருள் அது. ஆனாலும் அது திரவம்தான் என்று மாணவர்களுக்குக் காட்ட நினைத்தார். மூன்று ஆண்டு படியவிட்டு, 1930இல் புனலின் முனையை வெட்டிவிட்டார். முதல் சொட்டு விழ எட்டு ஆண்டு ஆனது. பிற்காலத்தில் அந்தச் சோதனையைக் காத்துவந்தவர் ஜான் மெயின்ஸ்டோன். 1988இல் சொட்டு விழப்போகிறது என்று அருகிலேயே இருந்தவர், குடிப்பதற்கு ஏதாவது எடுத்துவரச் சில நிமிடம் வெளியே போனார். திரும்பி வந்தபோது விழுந்திருந்தது. 2000இல் விழப்போகும் சொட்டுக்குக் கேமரா வைத்தார்கள். விழுந்த நேரத்தில் கேமரா வேலை செய்யவில்லை. 2013 ஆகஸ்ட்டில் மெயின்ஸ்டோன் இறந்தார். அடுத்த சொட்டு 2014 ஏப்ரலில் விழுந்தது. சுமார் பத்து ஆண்டுக்கு ஒரு முறை வரும் ஒரு கணத்துக்காக ஐம்பது ஆண்டுகளுக்கு மேல் காத்திருந்த மனிதர், ஒருமுறைகூட அதை நேரில் பார்க்கவில்லை. அவரை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மனசு கனத்துவிடும். உங்கள் கல்விச்சாலையில் இப்படி ஓர் ஆசிரியர் கட்டாயம் வேண்டும். அவர் பெரிய மந்திரம் எதுவும் செய்ய வேண்டாம். அவருடைய அறைக்கு முன்னால் மாணவர்கள் சத்தமில்லாமல் நடந்தால் போதும்.

பள்ளிக்கு வெளியே ஓர் ஊர் இருக்குமே, அதை மறந்துவிடாதீர்கள். காலம் தெரிந்தவர்களுக்கும் தெரியாதவர்களுக்கும் இடையே என்ன கொடுக்கல் வாங்கல்? லண்டனில் ரூத் பெல்வில் என்ற பெண்மணி 1940 வரை நேரம் விற்றுப் பிழைத்தார். கிரீனிச் வானாய்வகத்துக்குப் போவார், தன் பைக்கடிகாரத்தை அங்கே சரிபார்த்துச் சான்று வாங்குவார். பிறகு நகரம் முழுக்க நடந்து, கட்டணம் கட்டிய கடிகாரக் கடைக்காரர்களுக்கு அதைக் காட்டுவார். 1836இல் அப்பா தொடங்கிய தொழில். அவருக்குப் பின் அம்மா, அப்புறம் மகள். கடிகாரத்தைச் செய்தவர் பெயர் ஜான் அர்னால்ட் என்பதால் அதைக் குடும்பத்தில் ‘மிஸ்டர் அர்னால்ட்’ என்றே கூப்பிட்டார்கள். தந்தி வழியாக நேரம் வந்த காலத்திலும், வானொலி வந்த பிறகும், இந்த அம்மாவின் கைக்குள் இருந்த நேரத்தை நம்பியவர்கள் இருந்தார்கள். கதவைத் தட்டி ஒருவர் கொண்டுவந்து கொடுக்கும் நேரம்! எந்தக் கற்பனையும் தேவையில்லாத பாத்திரம் இவர்.

எல்லா ஊரும் உங்கள் பள்ளி சொல்லும் நேரத்தை வாங்கிக்கொள்ளும் என்றும் நினைக்காதீர்கள். சென்னை நுங்கம்பாக்கத்தில் 1792இல் எழுந்த வானாய்வகத்தின் நேரம்தான் ஒரு காலத்தில் இந்திய ரயில்களுக்கு நேரம். 1906இல் நாடு முழுவதற்கும் ஒரே நேரம் வந்தது. பம்பாய் ஒப்புக்கொள்ளவில்லை. அந்த நகரத்தில் 39 நிமிடம் பின்தங்கிய பம்பாய் நேரம் 1955 வரை புழக்கத்தில் இருந்தது. ரயில் நிலையத்தில் ஒரு நேரம், தெருவில் ஒரு நேரம். தங்கள் உச்சிவெயிலை யாரோ இன்னொருவர் தீர்மானிப்பதா என்ற கோபம் அது. உங்களுக்கு வில்லன் வேண்டுமென்றால் காலத்தை நிறுத்த நினைக்கும் கருப்பு அங்கி ஆசாமி வேண்டாம். அவனைப் போதுமான அளவு பார்த்தாகிவிட்டது. இந்த ஊர்க்காரர்களை எதிரே நிறுத்துங்கள், அவர்கள் பக்கமும் நியாயம் இருக்கட்டும். 1582இல் இத்தாலியிலும் ஸ்பெயினிலும் அக்டோபர் 4 இரவு படுத்தவர்கள் அக்டோபர் 15 அன்று எழுந்தார்கள், நாள்காட்டித் திருத்தம் காரணமாக. உங்கள் பள்ளி அப்படிப் பத்து நாளை எடுத்துவிட்டால், அந்தப் பத்து நாளுக்குக் கூலி யார் தருவார்கள், வட்டி யார் கட்டுவார்கள், அந்த நாட்களில் திதி உள்ளவர்கள் என்ன செய்வார்கள்? இந்தக் கேள்விகளோடு ஒரு கூட்டம் வாசலில் வந்து நின்றால் உங்கள் தலைமை ஆசிரியருக்கும் பதில் இருக்காது.

பள்ளியின் மிக ரகசியமான அறைக்கு என்ன வைப்பது என்று கேட்டால் இதைச் சொல்வேன். இன்று உலகத்துக்கு நேரம் சொல்வது ஒரு கடிகாரம் அல்ல. பல நாடுகளின் ஆய்வகங்களில் நானூறுக்கும் மேற்பட்ட அணுக் கடிகாரங்கள் ஓடுகின்றன, அவற்றில் எதுவும் இன்னொன்றோடு முழுசாக ஒத்துப்போவதில்லை. அவற்றின் கணக்குகளைப் பாரிஸ் அருகே செவ்ர் ஊரிலுள்ள சர்வதேச அளவைகள் நிறுவனம் திரட்டி, சராசரி எடுத்து, எந்த ஆய்வகம் எவ்வளவு முந்தியது, எவ்வளவு பிந்தியது என்று மாதம் ஒரு முறை வெளியிடுகிறது. அதாவது இந்த நொடியில் மிகச் சரியான நேரம் என்ன என்பது அடுத்த மாதம்தான் தெரியும். நான் இதைத் தெரிந்துகொண்ட நாளில் கையில் கட்டியிருந்த கடிகாரத்தை வேறு கண்ணோடு பார்த்தேன். கதவைத் திறந்தால் மாபெரும் கடிகாரம் இருக்கும் என்று மாணவி எதிர்பார்க்கட்டும். உள்ளே வட்டமாக உட்கார்ந்து, ஆளுக்கு ஒரு கிண்ணத்தோடு, ‘எனக்கு இவ்வளவு, உனக்கு எவ்வளவு’ என்று ஒருவரையொருவர் கேட்டுக்கொண்டிருக்கும் நானூறு கிழவிகள் இருக்கட்டும்.

சொற்களைப் பற்றியும் ஒரு வார்த்தை. தமிழில் எழுதுகிறீர்கள், நேரத்துக்கு நம்மிடம் உடம்போடு ஒட்டிய சொற்கள் இருக்கின்றன. எழுத்தின் மாத்திரைக்குத் தொல்காப்பியம் சொன்ன அளவு கண்ணிமைப்பதும் கை நொடிப்பதும். ‘நொடி’ என்று நாம் சொல்லும்போதெல்லாம் யாரோ விரலைச் சொடுக்குகிறார்கள். பழைய கணக்கில் விநாடி என்பது இன்றைய விநாடி அல்ல. நாழிகையில் அறுபதில் ஒரு பங்கு, 24 விநாடி. ஏழரை நாழிகை ஒரு சாமம். ஊழி வரைக்கும் சொல் இருக்கிறது. புதுப்பெயர் உருவாக்குவதற்கு முன்னால் இவற்றைப் பயன்படுத்திப் பாருங்கள்.

முதல் அத்தியாயம் எங்கே தொடங்குவது என்று தெரியவில்லை என்றீர்கள். நானாக இருந்தால் இங்கே தொடங்குவேன். பள்ளியில் சேர்ந்து நான்காவது இரவு. பன்னிரண்டு வயதுப் பெண், மூன்றாம் சாமக் காவல். தொட்டியின் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறாள். கண் திறக்கும்போது கிண்ணம் அடியில் கிடக்கிறது. எவ்வளவு நேரமாக என்று தெரியாது. ஒரு நொடியாகவும் இருக்கலாம், மூன்று நாழிகையாகவும் இருக்கலாம். பள்ளி உறங்குகிறது. ஊர் உறங்குகிறது. சேகண்டிக் கட்டை கையில் இருக்கிறது, அடித்துவிட்டால் யாருக்கும் தெரியாது. அவள் முதலில் தொட்டி நீரில் விரலை விட்டுப் பார்க்கிறாள், குளிர்ந்திருக்கிறது. விளக்கில் எண்ணெய் எவ்வளவு இறங்கியிருக்கிறது என்று பார்க்கிறாள். அப்புறம் முற்றத்துக்கு ஓடி, நேற்று இதே சாமத்தில் மதில் மேல் எழுந்த விண்மீனைத் தேடுகிறாள். விண்மீன் நாளுக்கு நான்கு நிமிடம் முன்னதாக எழும் என்று அன்று காலைதான் பாடம் நடந்தது. மதிலுக்கு மேலே ஒரு சாண் உயரத்தில் அது நிற்கிறது. ஒரு சாணுக்கு எத்தனை நாழிகை என்பதை அவளுக்கு இன்னும் யாரும் சொல்லித்தரவில்லை. கட்டையைக் கீழே வைத்துவிட்டு, தலைமை ஆசிரியரின் கதவைத் தட்டப் போகிறாள்.